மூழ்கிப் போகும் மரம்

ரங்கூனிலிருந்து சென்னைக்குக் கப்பலில் வருகிறவர்கள் கடலைப் பார்த்துப் பயப்படுவார்கள். நான் கடலைப் பார்க்கவே இல்லை. வழி முழுவதும் பாப்பாவின் மூச்சைப் பார்த்துக்கொண்டு வந்தேன். அலை எழும்பிக் கப்பல் சாய்ந்தபோது மற்றவர்கள் கம்பியைப் பிடித்தார்கள். நான் பாப்பாவின் மூக்குக்கு எதிரே விரலை நீட்டிப் பிடித்திருந்தேன்.

ஐம்பதை எட்டிப் பார்க்கிற வயதில் ஒருவன் எட்டு மாதக் குழந்தைக்குத் தகப்பனாக இருப்பது ஊராருக்குச் சிரிப்பு. எனக்கு இதற்கு முன் இரண்டு குழந்தைகள் ரங்கூனில் பிறந்தன. ரங்கூன் மண்ணிலேயே தங்கிவிட்டன. இரண்டையும் நான் தோளை விட்டு இறக்காமல் வைத்திருந்தேன். அதனால் இந்த மூன்றாவதை நான் தூக்குவதே இல்லை. என் கை ராசி அதற்கும் ஒட்டிக்கொண்டால் என்ன செய்வது? தத்துவ புஸ்தகங்கள் நாலு படித்தவன் இப்படிப் பேசக் கூடாதுதான். ஆனால் அவற்றை எழுதின மகான்கள் எவரும் ஜுரக் குழந்தையோடு வங்காள விரிகுடாவைத் தாண்டினதாகத் தெரியவில்லை.

பாப்பாவுக்கு விட்டு விட்டு ஜுரம். நாக்கில் புண். ரங்கூன் டாக்டர் “காற்று மாறட்டும்” என்றார். என் மனைவி கமலம், “மயிலாப்பூர்லே அக்கா ஆத்துக்குப் போனா எல்லாம் சரியாயிடும்” என்றாள். டாக்டர் சொன்னதைவிட அவள் சொன்னதற்குக் கொஞ்சம் நம்பிக்கை அதிகமாக இருந்ததால் கிளம்பினோம்.

துறைமுகத்தில் இறங்கியதும் ஜட்கா. ரங்கூனில் டிராமும் மோட்டாருமாகப் பழகிய எனக்குக் குதிரையின் பின்பக்கத்தைப் பார்த்துக்கொண்டே ஒரு நகரத்தைக் கடப்பது புதிது. கடற்கரைச் சாலையில் ஒரு மோட்டார் பஸ் எதிரே வந்தது. குதிரை இரண்டு காலில் நின்றது. நான் கமலத்தின் மேலும், கமலம் பெட்டியின் மேலும் சாய்ந்தோம். பாப்பா மட்டும் அசையாமல் அவள் மார்போடு இருந்தாள்.

“பயப்படாதே சாமி,” என்றான் வண்டிக்காரன், திரும்பிப் பார்க்காமலே. “குதுர சாதுதான். பஸ்ஸக் கண்டாத்தான் கொஞ்சம் கோவம் வருது.”

“இந்தச் சாலையில் பஸ் நிறைய வருமா?”

“வந்துக்கினே கீது.”

மயிலாப்பூர் போய்ச் சேர்ந்தபோது எனக்கும் ஜுரம் வந்தாற்போல இருந்தது.

கமலத்தின் அக்கா ருக்மிணி. அவள் புருஷர் கோபாலன், அதாவது என் ஷட்டகர், பள்ளிக்கூட வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். கமலத்துக்குத் தாய் தகப்பன் இல்லை. ஆகவே மாமனார் மாமியார் ஸ்தானத்தில் அவர்கள் இருவரும்தான். நான் அந்த வீட்டு மாப்பிள்ளை. கல்யாணமான புதிதிலேயே கடல் தாண்டிப் போய்விட்டதால், மாப்பிள்ளை மரியாதை என்ற வஸ்துவை நான் அனுபவித்ததே கிடையாது. அதை மொத்தமாகச் சேர்த்து வைத்திருந்து இப்போது கொடுத்தார்கள்.

முதல் நாள் சாப்பாட்டில் பாகற்காய்க் கறி. எனக்குப் பாகற்காய் விஷம். கேட்டதற்கு உபசாரமாக “பேஷ்” என்று சொன்னேன். அதற்குப் பிறகு ஒரு வேளைகூடத் தவறாமல் பாகற்காய் வந்தது.

இரண்டாவது, கடிகாரம். கூடத்தில் ஒரு பெரிய சுவர்க் கடிகாரம் தொங்கிற்று. என் சட்டைப்பைக் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, “உங்க கடியாரம் ஒரு மணி ஸ்லோ” என்றேன். கோபாலன் உடனே எழுந்தார். ஸ்டூல் போட்டு ஏறி முள்ளைத் தள்ளி வைத்தார். ரங்கூனுக்கும் சென்னைக்கும் ஒரு மணி வித்தியாசம் என்பது எனக்கு ராத்திரி படுக்கையில்தான் ஞாபகம் வந்தது. காலையில் சொல்லிவிடலாம் என்று எழுந்தால், வீடு முழுவதும் ஒரு மணி முன்னதாக எழுந்து, குளித்து, காப்பி போட்டு எனக்காகக் காத்திருந்தது. இத்தனை தூரம் போன பிறகு எப்படிச் சொல்வது? விட்டுவிட்டேன். மாப்பிள்ளை சொன்னதை மறுத்துப் பேசுவது அந்த வீட்டு வழக்கமில்லை.

டாக்டர் வந்தார். லஸ் பக்கத்து டாக்டர், நல்ல மனுஷர். சிவப்பு மிக்ஸ்சர் கொடுத்தார். “ரெண்டு நாள் பார்ப்போம்” என்றார். எனக்கு அந்த “பார்ப்போம்” என்ற வார்த்தை தெரியும். முன்பு இரண்டு தரம் கேட்டிருக்கிறேன்.

அவர் போனதும் ருக்மிணி அக்கா சொன்னாள்: “மிக்ஸ்சர் பாட்டுக்கு மிக்ஸ்சர். நாக்குப் புண்ணுக்கு மரப்பாச்சியை உரைச்சுத் தடவணும். நம்மாத்து ஜோடியைப் பொண்ணு கல்யாணத்துலே அவளோட அனுப்பிட்டோம். ஒண்ணு வாங்கிண்டு வந்தா தேவலை.”

மரப்பாச்சி என்பது செம்மரத்தில் செதுக்கிய பொம்மை. கல்யாணத்தில் பெண்ணோடு ஆணும் பெண்ணுமாக ஒரு ஜோடி போகும். நவராத்திரியில் பட்டுக் கட்டிக் கொலுவில் நிற்கும். குழந்தைக்கு உடம்பு வந்தால் பட்டை அவிழ்த்துப் போட்டு, தாய்ப்பாலில் கல்லில் உரைத்து நாக்கில் வைப்பார்கள். தெய்வமாகவும் பொம்மையாகவும் மருந்தாகவும் ஒரே மரத்துண்டு உத்தியோகம் பார்ப்பதை நான் வேறு தேசத்தில் கண்டதில்லை.

“நான் வாங்கிண்டு வரேன்” என்றேன். “மர விஷயம் நேக்குத் தெரியும்.”

இதை ஏன் சொன்னேன் என்பதற்கு ஒரு காரணம் உண்டு. நான் ரங்கூனில் ஒரு தேக்குக் கம்பெனியில் தலைமைக் குமாஸ்தா. மரத்தைத் தொட்டதில்லை, மரத்தைப் பற்றிக் கடுதாசி எழுதுவேன். ஆனால் இத்தனை வருஷம் எழுதினால் ஒருவனுக்குத் தானே மரம் வெட்டியதுபோல ஒரு எண்ணம் வந்துவிடுகிறது.

மாட வீதியில் நவராத்திரி இல்லாத நாளில் பொம்மைக்காரர்கள் அதிகம் இல்லை. குளத்துப் பக்கமாகச் சட்டி, சொப்பு, மரக்கரண்டி எல்லாம் பரப்பிக்கொண்டு ஒரு பெண்பிள்ளை உட்கார்ந்திருந்தாள். அவளிடம் ஜோடி பிரிந்த பெண் பொம்மைகள் இரண்டே இருந்தன. ஒன்று கறுத்த சிவப்பு, கையில் எடுத்தால் கனம். மற்றது நல்ல சிவப்பு, லேசு. பக்கத்தில் பூக்காரியின் வாளி இருந்தது. இரண்டையும் அதில் போட்டேன்.

“இன்னா சாமி, பொம்மையக் குளிப்பாட்டிக்கினு கீறே?”

லேசானது மிதந்தது. கனமானது நேரே அடிக்குப் போய் உட்கார்ந்துகொண்டது. எனக்கு வெற்றிச் சிரிப்பு வந்தது.

“பாரும்மா. நல்ல மரம்னா மிதக்கணும். மூழ்கினா உள்ளே ஈரம் காயலேன்னு அர்த்தம். எங்க ஊர்லே ஆத்துலே மூழ்கற கட்டையைக் கம்பெனி தொடவே தொடாது.”

“அது மலை மரம் சாமி. அப்டித்தான் கல்லாட்டம் இருக்கும்.”

“கல்லாட்டம் இருக்க அது என்ன கல்லா?”

“நீ இன்னா வேல பாக்கறே?”

“மரக் கம்பெனியில் உத்தியோகம்.”

அவள் என்னைச் செருப்பிலிருந்து தலைப்பாகை வரை ஒருதரம் பார்த்தாள். “அப்ப உனுக்குத் தெரியாததா எனுக்குத் தெரியப் போவுது. மெதக்கறதையே எடுத்துக்கினு போ.”

பூக்காரி, “வாளித் தண்ணிய மாத்திட்டுப் போ சாமி, பூவுக்குத் தெளிக்கணும்” என்றாள். மாற்றிக் கொடுத்துவிட்டு வந்தேன்.

வீட்டில் அக்கா பொம்மையைக் கையில் வாங்கினாள். உள்ளங்கையில் வைத்து லேசாக ஒருதரம் தூக்கிப் பார்த்தாள். “நன்னா இருக்கு” என்றாள். மாப்பிள்ளை ஒரு சாமான் வாங்கி வந்தால் அந்த வீட்டில் அப்படித்தான் சொல்வார்கள். அதை நான் யோசிக்கவில்லை. “நாளைக்குக் காலம்பற வெறும் வயத்துலே உரைச்சுத் தடவறேன்.”

“நேக்கும் காலம்பற மாட வீதிப் பக்கம் ஒரு ஜோலி இருக்கு” என்றார் கோபாலன், யாரும் கேட்காமலே.

மறுநாள் காலையில் எனக்கு அடையாற்றில் ஒரு வேலை. என் ஆபீஸில் கூட வேலை பார்க்கும் நாயுடு, தன் அண்ணாவுக்கு ஒரு பெட்டி பர்மாச் சுருட்டுக் கொடுத்து அனுப்பியிருந்தார். அண்ணா காட்டு இலாகாவில் ரேஞ்சராக இருந்து ஓய்வெடுத்தவர். பாப்பாவின் ஜுரம் காலையில் ஏறியிருந்தது. தூளிக்கு அருகில் போய் நின்று பார்த்தேன். போக மனசில்லை. ஆனால் வீட்டில் இருந்தால் மூச்சை எண்ணிக்கொண்டு எல்லோருடைய பிராணனையும் வாங்குவேன் என்று கமலமே விரட்டிவிட்டாள்.

ஆற்றைத் தாண்டினால் ஊர் முடிந்துவிடுகிறது. தோப்பும் துரவும், நடுநடுவே பெரிய காம்பவுண்டுக்குள் ஒரு பங்களா. மனித நடமாட்டமே இல்லை. ரங்கூனில் இத்தனை மரம் சேர்ந்து நின்றால் கோடரியோடு நாலு பேராவது நிற்பார்கள். இங்கே ஒரு கீரிப்பிள்ளை குறுக்கே ஓடிற்று. கீரி இருந்தால் பாம்பும் இருக்க வேண்டும் என்று தர்க்க சாஸ்திரம் சொல்லிற்று. மிச்ச தூரத்தைக் காலை உதைத்து உதைத்து நடந்தேன்.

வாசலில் நாய். கன்றுக்குட்டி அளவு.

“கலெக்டர், சும்மா இரு நைனா,” என்று உள்ளிருந்து குரல் வந்தது. “பயப்படாதீங்க, கடிக்க மாட்டான். வெள்ளை வேட்டியக் கண்டா மோந்து பாப்பான், அவ்ளோதான்.”

கலெக்டர் மோந்து பார்த்து முடிக்கும் வரையில் நான் சுருட்டுப் பெட்டியைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு நின்றேன்.

ரேஞ்சர் நாயுடு உயரமான மனுஷர். உடனே ஒரு சுருட்டைப் பற்றவைத்தார். மோர் கொடுத்தார். நான் மரக் கம்பெனி என்றதும் முகம் மலர்ந்து, “வாங்க, உங்களுக்கு ஒருத்தரக் காட்றேன்” என்று வீட்டின் பின்பக்கம் அழைத்துப் போனார்.

அங்கே ஒரு மரம் நின்றது. என்னைப் போலவே பார்வைக்கு ஒன்றுமில்லை. கருத்துச் சதுரம் சதுரமாக வெடித்த பட்டை, முதலைத் தோல் மாதிரி. காம்புக்கு மூன்றாக வட்ட இலை. காய் அப்பளக் குட்டி போலத் தட்டையாக, நடுவில் மட்டும் ஒரு புடைப்பு.

“செம்மரம்,” என்றார். “கடப்பைப் பக்கத்து மலைங்கள்லே பாதி ஆயுசு இதோட குடித்தனம் பண்ணியிருக்கேன். அந்த மலைங்கள விட்டா இது தானா மொளைக்கற எடம் வேற கெடையாது. பாறை, வெயில், பொட்டுத் தண்ணி கெடையாது. அங்கேதான் வளரும்.”

“இங்கேயும் வளர்ந்திருக்கிறதே?”

“வளந்திருக்கு, இன்னா பிரயோஜனம்? நல்ல மண்ணு, வேளா வேளைக்குத் தண்ணி. சரசரன்னு போவுது. வெட்டிப் பாத்தா உள்ளே வெளுப்பா இருக்கும். பாறை இடுக்குலே பட்டினி கெடந்து, சாவறேன் சாவறேன்னு வளருது பாருங்க, அதுக்குத்தான் வைரம் பாயும், நெஞ்சு செவக்கும்.” பட்டையை ஒரு தட்டுத் தட்டினார். “உங்க தேக்கு மாதிரி ஆத்துலே உட்டு ஓட்ற பேச்சே இங்க கெடையாது.”

“ஏன்?”

“மூழ்கிப்பூடுமே. நல்லாக் காஞ்ச செம்மரமே தண்ணியிலே போட்டா குண்டு மாதிரி அடிக்குப் போவும்.”

மோர் டம்ளரைக் கீழே வைத்தேன்.

“மிதந்தால்?”

“மெதந்தா அது செம்மரமே இல்லே. ஏதாவது கல்யாண முருங்கையா இருக்கும். கடஞ்சு சாயம் பூசியிருப்பான்.”

“என்ன சாயம்?”

“யாருக்குத் தெரியும்? வண்டிச் சக்கரத்துக்குப் பூசறதப் பூசுவான்.” புகையை விட்டார். “பொம்மைதானே. கொழந்த வாயில வெச்சுத் தின்னவா போவுது?”

விடைபெற்றேனா என்பது இன்றுவரை ஞாபகமில்லை. கலெக்டரைத் தாண்டியது மட்டும் ஞாபகம் இருக்கிறது. இந்தத் தடவை அதுதான் எனக்கு ஒதுங்கி வழிவிட்டது.

பஸ் கிடைத்தது. பாலத்தின் நடுவில் வந்ததும் பஸ்ஸின் மூக்கிலிருந்து ஆவி கிளம்பி அது நின்றது. கண்டக்டர் ஒரு தகர டப்பாவை எடுத்துக்கொண்டு தண்ணீர் தேடிப் போனான்.

“ஆத்துலேதான் இவ்ளோ தண்ணி கீதே,” என்றார் ஒரு பிரயாணி.

“உப்புத் தண்ணி. இஞ்சின் கெட்டுப்பூடும்,” என்றார் டிரைவர், பீடி பற்றவைத்தபடி. “இன்னா அவுசரம் இப்போ?”

எனக்கு என்ன அவசரம் என்று அவரிடம் எப்படிச் சொல்வது? நான் என் குழந்தையின் நாக்கில் வண்டிச் சக்கரச் சாயத்தைத் தடவச் சொல்லிவிட்டு வந்திருக்கிறேன். பூக்காரி வாளியில் போட்டுப் பரீட்சை பண்ணி, கெட்டதாகப் பார்த்துப் பொறுக்கி எடுத்தேன். சும்மா கண்ணை மூடிக்கொண்டு வாங்கியிருந்தால்கூடப் பாதிக்குப் பாதி பிழைத்திருக்கலாம். முதல் இரண்டுக்கும் விதி என்று சொல்லிக்கொண்டேன். இதற்கு என்ன சொல்வது?

பாலத்தை நடந்து தாண்டினேன். நடந்தேன் என்று மரியாதைக்குச் சொல்கிறேன். ஓடினேன். அப்புறம் ஒரு ரிக்‌ஷா.

“சீக்கிரம் போப்பா.”

“போய்க்கினுதானே கீறேன்.”

“இன்னும் சீக்கிரம்.”

“ஒண்ணு செய், சாமி. நீ எறங்கி இழு, நான் குந்திக்கினு சீக்கிரம் சீக்கிரம்னு சொல்றேன்.”

மந்தைவெளிப் பக்கம் வந்ததும் அவனே நின்றுவிட்டான். எதிரே தப்பட்டைச் சத்தம். ஒரு சவ ஊர்வலம் தெருவை அடைத்துக்கொண்டு வந்தது. பூவை வாரி இறைத்துக்கொண்டு போனார்கள். ஒரு பூ என் மடியில் விழுந்தது. அதைத் தட்டிவிடவும் பயம், வைத்திருக்கவும் பயம்.

“எதிர்க்கப் பொணம் வந்தா நல்ல சகுனம் சாமி,” என்றான் ரிக்‌ஷாக்காரன், தலைத்துண்டை அவிழ்த்தபடி. “போற காரியம் ஜெயம்.”

ஊர்வலம் தாண்டியதும் ரிக்‌ஷா கிளம்பிற்று.

வீட்டுக்குள் நுழைந்தேன். கூடத்தில் யாரும் இல்லை. சமையலறையில் பாத்திரச் சத்தம். தூளி ஆடாமல் தொங்கிற்று. எட்டிப் பார்த்தேன். பாப்பாவின் உதடு சிவப்பு, மோவாய் சிவப்பு. கண் மூடியிருந்தது. விரலை மூக்குக்கு எதிரே கொண்டுபோகத் தைரியம் வரவில்லை. அந்த விரலுக்குத் தெரிந்தது எனக்குத் தெரிய வேண்டாம் என்று தோன்றிற்று.

தரையில் உரைகல். அதன்மேல் பொம்மை, தலை ஈரமாக. அதை எடுத்துக்கொண்டு கொல்லைக்கு ஓடினேன். இன்னொரு சொட்டு எவரும் உரைக்கக் கூடாது. கிணற்றில் வீசி எறிந்தேன். எறிந்தபோது தோள் வலித்தது. பயத்தில் எல்லாம் கனக்கும் போலிருக்கிறது என்று நினைத்தேன்.

சத்தம் கேட்டுக் கோபாலன் வந்தார்.

“டாக்டரைக் கூப்பிடுங்கோ,” என்றேன். “விஷம். நான் வாங்கிண்டு வந்தது செம்மரமே இல்லே. சாயம் பூசின கட்டை.”

“எங்கே அது?”

“கெணத்துலே போட்டுட்டேன். மிதந்துண்டிருக்கும், எடுங்கோ. என்ன சாயம்னு டாக்டர்ட்டக் காட்டணும்.”

அவர் வாயைத் திறந்தார். மூடினார். பிறகு, அந்த வாத்தியார், ராட்டினக் கயிற்றைப் பிடித்து வாளியை மெள்ள இறக்கினார். நான் எட்டிப் பார்த்தேன். தண்ணீர் வட்டம் வட்டமாக விரிந்து அடங்கிற்று. அதில் என் தலையும் அவர் தலையும் தெரிந்தன. வாளி தண்ணீரைத் தொட்டது. அவர் அதை இப்படியும் அப்படியும் ஆட்டினார், அங்கே இல்லாத ஒன்றை மொள்ளுவதற்கு.

“அந்த மூலையிலே பாருங்கோ,” என்றேன்.

அந்த மூலையிலும் பார்த்தார். நெற்றியில் வியர்த்திருந்தது.

“வரலையே,” என்றேன். “ஏன் மிதந்து வரலே?”

அவர் என்னைப் பார்க்கவில்லை. கயிற்றைப் பார்த்தார். அவர் கஷ்டத்தை அப்போதுதான் கவனித்தேன். ஒரு மாப்பிள்ளையிடம் சொல்லக் கூடாத ஒன்றை நாக்கு நுனியில் வைத்துக்கொண்டு அந்த மனுஷர் தவித்துக்கொண்டிருந்தார்.

பின்னாலிருந்து ருக்மிணி அக்கா சொன்னாள்: “அது மிதக்காது, மாப்பிள்ளை.”

அந்த வீட்டில் எனக்குக் கிடைத்த முதல் மறுப்பு அதுதான்.

பிறகு கோபாலன் மெல்லச் சொன்னார். நான் கொடுத்ததை அக்கா அன்று சாயங்காலமே தண்ணீரில் போட்டுப் பார்த்திருக்கிறாள். மிதந்தது. மாப்பிள்ளை ஆசையாக வாங்கி வந்ததை எப்படிக் குற்றம் சொல்வது? அதற்கு ஒரு பாவாடையைக் கட்டி அலமாரியில் நிற்கவைத்துவிட்டு, இவரைக் காலையில் மாட வீதிக்கு அனுப்பினாள். “அந்தப் பொம்மனாட்டி சொன்னா, நேத்திக்கு யாரோ மரத்துலே பெரிய பண்டிதர் ஒருத்தர் வேண்டாம்னு தள்ளினதுன்னு,” என்றவர், சொல்லியிருக்க வேண்டாமோ என்று நிறுத்தினார். “அதைத்தான் உரைச்சோம்.”

“அதைத்தான் நான்…”

“ஆமாம். கெணத்துலே போட்டுட்டேள். போனாப் போறது. கொழந்தைக்கு வேணும்கறது உரைச்சாச்சு.”

“பாப்பா தூங்கறாளா?”

“ஜுரம் விட்டு வேர்த்திருக்கு. இப்பத்தான் கண்ணசந்தா,” என்றாள் அக்கா.

கிணற்றுச் சுவரின் மேல் உட்கார்ந்தேன். கோபாலன் வாளியை மேலே இழுத்து, அதிலிருந்த தண்ணீரையே எனக்குக் குடிக்கக் கொடுத்தார். ஜுரம் எதனால் விட்டது என்று பின்னால் டாக்டரைக் கேட்டேன், தன் மிக்ஸ்சர் என்றார். அக்காவை நான் கேட்கவில்லை. அவள் கிணற்றைத் திரும்பிப் பார்த்துக்கொண்டு போனதே போதும்.

“அப்போ கூடத்துக் கடியாரம்?” என்று கேட்டேன்.

கோபாலன் சற்று யோசித்தார். “அதுவும் ஒரு மணி முன்னாலேதான் ஓடறது, மாப்பிள்ளை.”

“பின்னாலே தள்ளி வெச்சுடுங்கோ.”

ஸ்டூலைக் கொண்டுவந்து போட்டு ஏறினார். அன்றைக்கு எங்கள் எல்லோருக்கும் ஒரு மணி நேரம் திரும்பக் கிடைத்தது. நான் தூளியிலிருந்து பாப்பாவை எடுத்தேன். எனக்கு இன்னும் பயம்தான். மடியில் போட்டுக்கொண்டு, அந்த ஒரு மணி முழுவதும் கடிகாரத்துக்கு நேரே உட்கார்ந்திருந்தேன். எட்டு மாதக் குழந்தை இத்தனை கனமாக இருக்கும் என்று எனக்குத் தெரியாது.

ராத்திரி இலையில் பாகற்காய் விழுந்தது. அதைப் பற்றி நான் வாயைத் திறக்கவில்லை.